திரையில் ஓர் எவெங்கிப் பெண்: முகத்தைத் தாண்டிப் பார்க்க வேண்டியவை

படத்தில் ஒரு பெண் துருவமான் மேல் ஏறி வருகிறாள். அவள் மானின் முதுகில் எங்கே உட்கார்ந்திருக்கிறாள் என்று பாருங்கள். குதிரைச் சவாரிபோல நடுமுதுகில் உட்கார்ந்திருந்தால், படமெடுத்தவர்கள் சைபீரியக் காட்டு மக்களான எவெங்கிகளில் ஒருவரிடம்கூடக் கேட்கவில்லை என்று அந்த ஒரு காட்சியிலேயே தெரிந்துவிடும். துருவமானின் நடுமுதுகு ஆள் பாரம் தாங்காது. அதனால் எவெங்கிகள் சேணத்தை நன்றாக முன்னால் தள்ளி, தோள்பட்டை எலும்புகளுக்கு மேலே வைத்துக் கட்டுவார்கள். அங்கவடி கிடையாது. ஒரு நீளக் கோலை ஊன்றி, மானின் வலப்பக்கத்திலிருந்து ஏறுவார்கள். ஏறிய பிறகும் கோல் கையிலேயே இருக்கும். கால்கள் தொங்கிக்கொண்டிருக்கும்போது உடம்பு சாயாமல் பார்த்துக்கொள்வது அந்தக் கோல்தான்.

ஒரு பழங்குடி நடிகை தன் இனத்தின் பண்பாட்டைத் திரைக்குக் கொண்டுவருகிறார் என்கிறோம். ‘பிரதிநிதித்துவம்’ என்று அதற்கு ஒரு பெரிய சொல்லும் வைத்திருக்கிறோம். அந்தச் சொல்லுக்குள் என்னென்ன இருக்கிறது என்பதை எவெங்கிகளை வைத்தே இங்கே பார்க்கலாம். முகச்சாயல் அதில் ஒரு சிறு பங்குதான். மிச்சமெல்லாம் கையிலும் வாயிலும் இருக்கிறது. படப்பிடிப்பில் ‘இது தப்பு, இப்படிச் செய்ய மாட்டோம்’ என்று அந்தப் பெண் சொன்னால், கேட்டுத் திருத்திக்கொள்ள யாராவது இருக்கிறார்களா என்பதிலும் இருக்கிறது.

எந்த எவெங்கி?

எவெங்கிகள் ரஷ்யாவில் மேற்கே யெனிசேய் ஆற்றங்கரையிலிருந்து கிழக்கே ஓகோத்ஸ்க் கடல் வரை சிதறி வாழ்கிறார்கள். தெற்கே சீனாவின் உள் மங்கோலியாவிலும் இருக்கிறார்கள். ரஷ்யாவில் ஏறத்தாழ 38,000 பேர், சீனாவில் 30,000க்கு மேல். பழைய நூல்கள் இவர்களைத் துங்குஸ் என்று சொல்லும். 1908 ஜூன் 30 அன்று வானில் ஏதோ வெடித்து 2,000 சதுர கிலோமீட்டர் காட்டைச் சாய்த்ததே துங்குஸ்கா வெடிப்பு, அந்தப் பெயர் இவர்களிடமிருந்து வந்ததுதான். அன்று மான்களையும் கூடாரங்களையும் இழந்தவர்கள் எவெங்கிக் குடும்பங்கள். உலகம் வெடிப்பை நினைவில் வைத்துக்கொண்டது, அங்கே இருந்தவர்களை மறந்துவிட்டது.

எண்ணிக்கைக்கு மேல் ஒரு சிக்கல் உண்டு. எவெங்கி என்றதும் மான் வளர்ப்பவர்கள் என்று எல்லாரும் நினைத்துக்கொள்கிறார்கள். சீனாவில் இருக்கும் எவெங்கிகளில் பெரும்பாலோர் சோலோன் பிரிவினர், புல்வெளியில் ஆடும் குதிரையும் மேய்ப்பவர்கள். துருவமான் வளர்ப்பவர்கள் கென்ஹே நகருக்குப் பக்கத்தில் அவோலுகுயாவைச் சேர்ந்த சில நூறு பேர் மட்டும். அவர்களிடம் ரஷ்யச் சாயல் அதிகம். மரியா போன்ற பெயர்கள், ‘லியெபா’ என்கிற ரொட்டி (ரொட்டிக்கான ரஷ்யச் சொல்லிலிருந்து வந்தது), தலையில் முக்கோணமாகக் கட்டிய துணி. ரஷ்யப் பக்கத்தில் தெற்கு யாக்கூத்தியாவின் இயெங்ரா ஊர் மான் மேய்ப்பர் வேறு, வடக்கே சறுக்குவண்டி ஓட்டுபவர் வேறு. ஆகவே ஒரு நடிகை தன் பாத்திரத்தைப் பற்றிக் கேட்க வேண்டிய முதல் கேள்வி, இவள் எந்த ஆற்றங்கரைக்காரி, எந்த ஆண்டில் வாழ்கிறாள் என்பதே. திரைக்கதையில் அதற்குப் பதில் இல்லையென்றால் உடை, மொழி, மான் எல்லாமே கலவையாகிவிடும். படங்களில் நடக்கும் தவறுகளில் பாதி இங்கேதான் ஆரம்பிக்கிறது.

வாய்

எவெங்கி மொழி துங்குசிய மொழிக் குடும்பத்தைச் சேர்ந்தது, மஞ்சு மொழிக்குத் தூரத்து உறவு. தமிழ் தெரிந்தவருக்கு அதன் அமைப்பு அவ்வளவு அந்நியமாக இருக்காது. வினை கடைசியில் வரும், விகுதிகள் ஒன்றன்பின் ஒன்றாக ஒட்டிக்கொண்டே போகும். ரஷ்யாவில் 2010 கணக்கெடுப்பின்படி இந்த மொழி தெரிந்தவர்கள் 5,000க்கும் குறைவு. பிள்ளைகளைக் காட்டிலிருந்து பிரித்து உறைவிடப் பள்ளிகளில் ரஷ்ய மொழியில் வளர்த்த தலைமுறைகளின் விளைவு இது. எனவே எவெங்கி நடிகைக்கே தாய்மொழி சரளமாக வராமல் போகலாம். அதை அவருடைய குறையாகப் பார்க்கக் கூடாது. வரலாறு எடுத்துக்கொண்டதைப் படத்துக்காகத் திரும்பக் கற்க அவருக்கு நேரமும் ஆசிரியரும் தேவை, தயாரிப்பாளர் அதற்குச் செலவழிக்க வேண்டும்.

எந்த வட்டார வழக்கு என்பது முக்கியம். ‘பெண்’ என்பதற்கு ஓர் ஊரில் அசி என்பார்கள், இன்னோர் ஊரில் அஷி, வடக்கே அஹி. இந்த ஸ, ஷ, ஹ வேறுபாட்டை வைத்தே அறிஞர்கள் எவெங்கி வழக்குகளைப் பிரிக்கிறார்கள். பள்ளிப் புத்தகத்து எவெங்கி, போட்கமென்னயா துங்குஸ்கா ஆற்றுப் பகுதி வழக்கை அடிப்படையாகக் கொண்டது. புத்தகத்தைப் பார்த்து மனப்பாடம் செய்த நடிகை கிழக்கே அமூர் பக்கத்துப் பாட்டியாக நடித்தால், அந்த ஊர்க்காரர் காதில் முதல் வாக்கியமே இடறும்.

உடைமையைச் சொல்லும் முறையிலும் ஒரு குழி இருக்கிறது. என் உடம்போடு பிறந்தது, நான் வைத்திருப்பது என்று இரண்டையும் எவெங்கி பிரித்துச் சொல்லும். ‘உல்லெ’ என்றால் இறைச்சி, தசை. ‘உல்லெவ்’ என்றால் என் உடம்புச் சதை. ‘உல்லெங்கிவ்’ என்றால் என்னிடம் இருக்கும் இறைச்சி, சமைக்க வைத்திருப்பது. நடுவிலிருக்கும் ‘ங்கி’ விட்டுப்போனால், விருந்தாளிக்கு இறைச்சி பரிமாறும் பெண் தன் சதையையே கொடுப்பதாக ஆகிவிடும். ரஷ்ய மொழியில் எழுதிய வசனத்தைச் சொல்லுக்குச் சொல் மாற்றும்போது இந்தப் பிழை எளிதாக நுழையும், ஏனென்றால் ரஷ்ய மொழியில் இரண்டுக்கும் ஒரே ‘என்’தான்.

வேலையை எப்படிச் செய்வது நல்லது? காட்சியின் சூழ்நிலையை மட்டும் அந்த வட்டாரத்துப் பெரியவர் ஒருவரிடம் சொல்லி, ‘இந்த இடத்தில் நீங்கள் என்ன சொல்வீர்கள்’ என்று கேட்டு ஒலிப்பதிவு செய்ய வேண்டும். அந்தப் பேச்சிலிருந்து வசனத்தை எழுத வேண்டும். வசனம் பெரும்பாலும் சுருங்கிவிடும், சில இடங்களில் ஒரு தலையசைப்பே போதுமென்று தெரியவரும். நடிகை எழுத்தைப் பார்த்துப் படிப்பதைக் காட்டிலும் அந்த ஒலியைக் கேட்டுப் பழகுவது நல்லது. அச்சிடப்பட்ட எவெங்கியில் குறில் நெடில் வேறுபாட்டை வழக்கமாகக் குறிப்பதில்லை. மொழியில் அந்த வேறுபாடு இருக்கிறது, காகிதத்தில் இல்லை. பிறகு, படத்தொகுப்பு முடிவதற்கு முன்பே அதே பெரியவருக்குக் காட்சிகளைப் போட்டுக் காட்ட வேண்டும். தொகுத்து முடித்த பின் காட்டினால் திருத்த வழியே இருக்காது.

பெயர் சொல்லாமை என்றும் ஒன்று உண்டு. கரடியை அதன் பெயரால் அழைக்க மாட்டார்கள். ‘அமாகா’, அதாவது தாத்தா என்பது போன்ற மரியாதைச் சொல்லால்தான் குறிப்பிடுவார்கள். கரடியை வேட்டையாடி உண்ணும்போது காக்கைபோல ‘குக்’ என்று கத்துவது பழைய வழக்கம், தின்றது நாங்களல்ல, காக்கைகள் என்று கரடிக்குச் சொல்வதற்காக. இந்த ஒரு ஒலியை ஒரு பாட்டி பயத்தோடும் மரியாதையோடும் எழுப்பினால், பத்து நிமிடப் பின்னணிக் குரல் சொல்லாததை அது சொல்லிவிடும்.

உடை

உடைதான் கண்ணில் முதலில் படுவது, அதிகம் தவறு நடப்பதும் அதில்தான். இணையத்தில் ‘சைபீரியப் பழங்குடி உடை’ என்று தேடினால் தலைவழியாகப் போட்டுக்கொள்ளும், தொப்பியோடு சேர்த்துத் தைத்த மூடிய உரோம அங்கி வந்து நிற்கும். அது மரமில்லாத வடக்குச் சமவெளியில் வாழும் நெனெத்ஸ் மக்களுடையது. எவெங்கிகளின் பழைய மேலங்கி முன்பக்கம் திறந்திருக்கும். இரண்டு விளிம்பும் நடுவில் சேராது, தோல் வார்களால் முடிந்திருப்பார்கள். திறந்திருக்கும் மார்பை மறைக்கத் தனியாக ஒரு மார்த்துணி கழுத்திலிருந்து தொங்கும். ஆண்களுடையது ‘ஹெல்மி’, கீழே கூராக முடியும். பெண்களுடையது ‘நெல்லி’ (ஒலியில் நம் நெல்லிக்காயேதான்), கீழ்விளிம்பு நேராக இருக்கும், மணிவேலைப்பாடும் உண்டு. நடிகைக்குக் கூர்முனை மார்த்துணியை மாட்டிவிட்டால் அவர் ஆண் உடையில் நிற்கிறார் என்று பொருள்.

இந்த அமைப்புக்கு ஒரு காரணம் இருக்கிறது. எவெங்கிகள் அடர்ந்த காட்டில் காலில் பனிச்சறுக்குப் பலகை அணிந்து ஓடுபவர்கள், ஆளுயரப் புதரில் நுழைந்து போகிறவர்கள். திறந்த அங்கி காலைத் தடுக்காது, ஓடி வியர்த்தால் காற்று உள்ளே வரும், மார்த்துணி நெஞ்சுக்குக் குளிர் அடிக்காமல் காக்கும். உடையலங்காரப் பிரிவினர் குளிருக்குப் பயந்து அந்த அங்கியின் முன்பக்கத்தைத் தைத்து மூடிவிட்டால், நடிகையின் நடையே மாறிவிடும். அடி எட்டிப் போட முடியாமல் அவர் குறுகி நடப்பார்.

தோலைப் பதப்படுத்துவது பெண்களின் வேலை. படத்தில் அதைக் காட்டுவதானால் வரிசை பிசகக் கூடாது. முதலில் தோலைக் காயவைப்பார்கள். பிறகு உள்பக்கம் ஒட்டியிருக்கும் சதையைச் சுரண்டி எடுப்பார்கள். சுரண்டிகளே பல வகை, கூர்முனை ஒன்றுக்கும் பல்வைத்தது ஒன்றுக்கும் வேலை வேறு. அதன்பின் ஈரலையோ மூளையையோ தடவி மடித்து வைப்பார்கள். ஊறியதும் எடுத்துக் கையால் கசக்கிக் கசக்கி மெதுவாக்குவார்கள். உரோமம் நீக்கிய தோலாக இருந்தால் கடைசியில் உளுத்த மரத்தின் புகையில் காட்டுவார்கள். புகை காட்டாத தோல் நனைந்து காய்ந்தால் பலகைபோல விறைத்துப்போகும். மழைக் காட்சி உள்ள படத்துக்குப் புகை காட்டாத தோல் உடையைத் தைத்துக் கொண்டுவந்தால் இரண்டாம் நாளே அது உதவாது. புகை காட்டிய தோலுக்குத் தேன்பழுப்பு நிறம் வரும், அந்த நிறத்தைச் சாயத்தில் கொண்டுவருவது கடினம். தைப்பது மானின் தசைநார் நூலில். நாரைக் காயவைத்துத் தட்டி, இழை இழையாகப் பிரித்து, முறுக்கித் திரிப்பார்கள்.

இன்றைய கதை என்றால் இதில் பெரும்பாலானது வேண்டாம். மான் முகாமில் இன்றைக்கு ஒரு பெண் அணிந்திருப்பது ரப்பர் காலணி, ராணுவப் பச்சைச் சட்டை, தலைத்துணி. கூடாரம் கித்தான் துணியால் ஆனது, உள்ளே தகர அடுப்பு. மணிவேலை செய்த உடை ஜூன் மாதத்துப் பகல்தீன் விழாவுக்கு வெளியே வரும். ‘பகல்தீன்’ என்றால் சந்திப்பு. அன்று நெருப்புக்கு உணவிடுவார்கள், மரக்கிளையில் துணிப்பட்டை கட்டுவார்கள், பிளந்த மரத்துக்கு நடுவே நுழைந்து தீட்டைக் கழிப்பார்கள், கை கோத்து வட்டமாக ஆடுவார்கள். விழா உடையை மாட்டிக்கொண்டு ஒருத்தி மான் சாணத்துக்கு நடுவே விறகு வெட்டுவதைப் படத்தில் கண்டால், அது சுற்றுலா விளம்பரத்திலிருந்து வந்த காட்சி.

அடுப்பைச் சுற்றி

பழைய கூடாரத்தின் பெயர் ‘தியு’. இருபதுக்கும் மேற்பட்ட கம்புகளைக் கூம்பாக நிறுத்தி, கோடையில் பிர்ச் மரப்பட்டையைப் போர்த்துவார்கள். பட்டையை நெடுநேரம் வேகவைத்தால் தோல்போல வளையும், பிறகு துண்டு துண்டாகச் சேர்த்துத் தைப்பார்கள். குளிர்காலத்தில் தோல் போர்வை.

நடுவில் நெருப்பு. வாசலுக்கு நேரெதிரே, நெருப்புக்கு அந்தப்புறம் இருப்பது ‘மாலு’, மதிப்புக்குரிய விருந்தாளியின் இடம். பழைய வழக்கப்படி வீட்டுப் பெண்கள் அதைக் குறுக்கே கடப்பதில்லை. ஒளிப்பதிவாளருக்கு இது தலைவலி, ஏனென்றால் கேமராவை வைக்க வசதியான இடமும் அதுவே. நடிகையை ‘அந்தப் பக்கமாக வந்து உட்காருங்கள்’ என்று இயக்குநர் சொல்வதும், அவர் தயங்கி நிற்பதும் இந்த இடத்தில்தான். அசைவுகளை முன்கூட்டியே திட்டமிட்டால் தீர்ந்துவிடும். பெண்களின் இடம் வாசலை ஒட்டி, பாத்திரங்கள் இருக்கும் பக்கம். காட்சியை அங்கே நகர்த்தினால் வெளிச்சமும் வாசலிலிருந்து முகத்தில் விழும்.

நெருப்புக்கு முதல் கவளம் போட்டுவிட்டுத்தான் சாப்பாடு. நெருப்பில் துப்பக் கூடாது, குப்பை போடக் கூடாது, கத்தி முனையை அதில் நுழைக்கக் கூடாது. நடிகர்கள் சும்மா இருக்க முடியாமல் கத்தியால் தணலைக் கிளறுவது உலகம் முழுக்க உள்ள பழக்கம். எவெங்கிப் பார்வையாளருக்கு அது பாட்டியின் கண்ணைக் குத்துவதுபோல இருக்கும், நெருப்பை அவர்கள் பாட்டியாகவே நினைக்கிறார்கள்.

வேட்டை முடிந்து வரும் காட்சி இன்னொன்று. கணவன் கொன்ற விலங்கைத் தோளில் சுமந்து வந்து மனைவியின் முன்னால் போடுகிறான், அவள் முகம் மலர்கிறது. பார்க்க அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் ‘நிமாத்’ என்ற வழக்கப்படி வேட்டைக்காரன் அதை வேறொரு குடும்பத்துக்கு, உறவினருக்கோ முதியவருக்கோ கொடுத்துவிடுவான். பங்கிடும் உரிமை பெற்றவருடையது. கொன்றவனுக்கும் அவர்கள் கையாலேயே பங்கு வரும். தன் கூடாரத்தின் முன்னால் நின்றுகொண்டு, கணவன் இறைச்சியோடு பக்கத்துக் கூடாரத்துக்குப் போவதைப் பார்க்கும் மனைவியை யோசித்துப் பாருங்கள். நடிகைக்கு அது எவ்வளவு நல்ல காட்சி!

மான்களின் நாட்காட்டி

துருவமானில் ஆணுக்கும் பெண்ணுக்கும் கொம்பு உண்டு. வளர்ந்த ஆண் மான்கள் இணைசேரும் காலம் முடிந்ததும் நவம்பர், டிசம்பரில் கொம்பை உதிர்க்கும். சினைப் பெண் மான்கள் மே மாதம் குட்டி போடும்வரை கொம்போடு இருக்கும். சனவரிக் காட்சியில் பிரமாண்டமான கொம்போடு பொலிமான் நின்றால் காட்சி வேறு மாதத்தில் எடுத்தது. சவாரிக்குப் பயன்படும் காயடித்த மான்கள் தனிக் கணக்கு, அவை தாமதமாக உதிர்க்கும். அவோலுகுயாவில் இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். அங்கே பிஞ்சுக் கொம்பை மருந்துக்காகக் கோடையில் அறுத்து விற்கிறார்கள், அதுவே முக்கிய வருமானம். அதனால் இலையுதிர் காலத்தில் அங்குள்ள மான்களில் பல வெறும் அடிக்கட்டையோடு நிற்கும்.

ஜூன், ஜூலையில் கொசுக்கூட்டம் தாங்க முடியாது. ஈரப்பாசியையும் உளுத்த மரத்தையும் போட்டுப் புகைமூட்டம் எழுப்பினால் மான்கள் தாமாகவே வந்து அதற்குள் முகத்தை நீட்டிப் படுத்துக்கொள்ளும். நடிகைக்கு மானோடு பழக்கம் ஏற்பட வேண்டுமானால் இந்த மாதங்களே நல்லவை. தோல்பையில் உப்பை வைத்துக்கொண்டு குலுக்கிக் காட்டி, உள்ளங்கையில் நக்கக் கொடுக்க வேண்டும். சில வாரங்களில் ஆள் அடையாளம் தெரிந்துவிடும். இதைத் தவிர்த்துவிட்டு நேராகப் படப்பிடிப்பு நாளில் இறங்கினால் பால் கறக்கும் காட்சியில் மான் நிற்காது, மேய்ப்பவரின் கையை நெருக்கத்தில் எடுத்து ஒட்ட வேண்டியதுதான். கிடைக்கும் பாலும் ஒரு கறவைக்கு ஒரு கோப்பை அளவுதான், பாலாடைபோலக் கெட்டியாக இருக்கும், தேநீரில் சில சொட்டு விட்டால் போதும். வாளி நிறையப் பால் கறக்கும் எவெங்கிப் பெண் பசுமாட்டுக் கிராமத்துப் பெண்.

இடம்பெயரும்போது பொதிமான் வரிசையை நடத்திச் செல்பவர் பெண். ஒரு மானுக்கு 30 முதல் 40 கிலோ வரை ஏற்றலாம். இரண்டு பக்கமும் எடை சமமாக இருக்க வேண்டும், இல்லையென்றால் பாரம் சரிந்து மானின் முதுகு புண்ணாகும். மூட்டைகளுக்கு மேல் ‘குமலான்’ என்கிற உரோம விரிப்பைப் போடுவார்கள், அதன் வட்ட வடிவம் சூரியனை நினைவூட்டும். குழந்தை இருந்தால் பிர்ச் பட்டைத் தொட்டில் ஒரு பக்கம், அதே எடைக்குச் சாமான் மறுபக்கம். கயிற்றை இழுத்துக் கட்டிவிட்டு இரண்டு பக்கத்தையும் கையால் தூக்கிப் பார்த்து எடையை ஒப்பிடும் அந்தச் சின்ன அசைவைப் பழகிய நடிகைக்கு வசனமே தேவையில்லை.

மேளம் தரும் சிக்கல்

ஆவிகளோடு பேசிச் சடங்கு செய்பவரைக் குறிக்கும் ‘ஷாமன்’ என்ற சொல்லை உலகத்துக்குத் தந்ததே துங்குசிய மொழிகள்தான். அதனாலேயோ என்னவோ, எவெங்கிப் பெண் பாத்திரம் என்றால் உடனே கையில் மேளத்தைக் கொடுத்துவிடுகிறார்கள். பெண் ஷாமன்கள் இருந்தது உண்மை. அவோலுகுயா மக்களின் கடைசி ஷாமனும் ஒரு பெண்தான், நியூரா, 1997இல் காலமானார். ஆனாலும் எவெங்கிப் பெண்களில் ஷாமன்கள் மிகச் சிலர். மற்றவர்கள் மான் வளர்த்தார்கள், தோல் பதமிட்டார்கள், இன்று ஆசிரியர்களாகவும் மருத்துவர்களாகவும் இருக்கிறார்கள். அந்தப் பாத்திரங்கள் எழுதப்படாதவரை நடிகைக்குக் கிடைப்பது மேளம் மட்டுமே.

ஷாமன் பாத்திரம் அவசியம்தான் என்றால், மேளம் முட்டை வடிவில் இருக்க வேண்டும், பின்பக்கம் கைப்பிடி, அடிக்கும் கோல் ‘கிசு’. மேளம் ஷாமனின் சவாரி மான், அதில் ஏறித்தான் அவர் வேறு உலகங்களுக்குப் போகிறார். ஆகவே அது வெறும் தாளக் கருவி இல்லை, தாளம் ஓடும் மானின் நடையைப் பின்பற்றும். அங்கியில் தொங்கும் இரும்புத் துண்டுகள் ஒவ்வொன்றுக்கும் பொருள் உண்டு, கடையில் வாங்கிய மணிகளைக் கண்ட இடத்தில் கோத்துவிட முடியாது. 1930களில் சோவியத் அரசு ஷாமன்களை ஒடுக்கியபோது பறித்த மேளங்களும் அங்கிகளும் அருங்காட்சியகங்களில் இருக்கின்றன. அவற்றைப் பார்த்து அப்படியே நகல் எடுப்பதற்கு முன் அந்த ஷாமனின் வழிவந்தவர்களைக் கேட்பதுதான் முறை. உண்மையான சடங்குப் பாட்டைப் படத்தில் பாட வைக்கக் கூடாது. படத்துக்கென்று தனியாக ஒரு பாட்டைக் கட்டிக்கொள்ளலாம்.

யார் நடிக்கலாம், யார் சொல்லலாம்

அகிரா குரோசாவாவின் ‘தெர்சு உசாலா’ 1975இல் வந்தது. நாயகன் நானாய் இனத்தவர், எவெங்கிகளுக்கு மொழியால் உறவினர். நடித்தவர் மாக்சிம் முன்சுக், துவா இனத்தவர், அவருடைய மொழி துருக்கியக் குடும்பம். படம் ரஷ்ய மொழிப் படம். முன்சுக்கின் நடிப்பு அற்புதமானது, படம் ஆஸ்கரும் வென்றது. அதே சமயம், ‘சைபீரிய முகம் இருந்தால் போதும், எந்த இனமானாலும் பரவாயில்லை’ என்ற பழக்கத்துக்கும் அது பேர்போன எடுத்துக்காட்டு. அந்தப் பழக்கம் இன்னும் போகவில்லை. எவெங்கிப் பாத்திரத்தில் மங்கோலியரோ யாக்கூத்தியரோ நடிப்பது இன்றும் சாதாரணம். திறமையான நடிகர் மொழியையும் கைவேலையையும் கற்றுக்கொள்ளலாம்தான். ஆனால் எவெங்கி நடிகைக்கு எவெங்கிப் பாத்திரமும் கிடைக்காது, மற்ற பாத்திரமும் கிடைக்காது என்றால் அவர் எங்கே நடிப்பார்?

எவெங்கியே நடித்தாலும் அவர் மேல் ஒரு சுமை விழுகிறது. இரண்டு நாடுகளில் பரந்த ஒரு மக்களுக்கு அந்த ஒரு முகமே அடையாளமாகிவிடும். அவோலுகுயாவில் மான் வளர்த்த மரியா சுவோ 2022இல் தன் 101ஆம் வயதில் காலமானபோது ஊடகங்கள் அவரைக் ‘கடைசித் தலைவி’ என்றன. 2003இல் அரசு அவோலுகுயா மக்களைக் கென்ஹே அருகே குடியமர்த்தி, வேட்டைத் துப்பாக்கிகளையும் வாங்கிக்கொண்டது. அதற்குப் பிறகு அங்கே போகும் ஒவ்வொரு கேமராவும் ‘கடைசி’யைத் தேடியே போகிறது. கடைசி ஷாமன், கடைசி வேடன், கடைசி மான். அதே சிறு ஊரின் ஒரே குடும்பத்தைச் சுற்றி 1990கள் முதல் பல ஆவணப்படங்கள் எடுத்திருக்கிறார்கள். பாட்டி ஷாமன், பேத்தி ஓவியர், படத்துக்குப் படம் சோகம் கூடிக்கொண்டே போகும். அதில் பொய்யில்லை. இருந்தாலும் ‘கடைசி’ என்ற சொல் இன்னும் இருக்கிற 70,000 பேரை இல்லாதவர்களாக்கிவிடுகிறது. நடிகை இந்தச் சொல்லை விளம்பரத்தில் போட மறுக்கலாம், ஒப்பந்தத்திலேயே அதை எழுதிக்கொள்ளலாம்.

ஒப்பந்தம் என்றதும் ஒன்றைச் சொல்ல வேண்டும். 2019இல் டிஸ்னி நிறுவனம் தன் ‘ஃப்ரோஸன்’ இரண்டாம் பாகத்துக்காக நார்வே, ஸ்வீடன், பின்லாந்து நாடுகளில் வாழும் சாமி என்ற பழங்குடி மக்களின் நாடாளுமன்றங்களோடும் சாமி கவுன்சிலோடும் எழுத்தில் உடன்பாடு செய்துகொண்டது. சாமிகள் அமைத்த ஆலோசனைக் குழு படத்தைச் சரிபார்த்தது, படம் வடக்குச் சாமி மொழியிலும் வெளியானது. சாமிகளும் மான் வளர்க்கும் மக்கள்தான், ஆனால் அவர்களுக்கு நாடாளுமன்றம் இருக்கிறது, பேரம் பேச ஓர் அமைப்பு இருக்கிறது. அது இல்லாத இடத்தில் நடிகையே ஆலோசகராகவும் மொழிபெயர்ப்பாளராகவும் சம்பளமில்லாமல் உழைக்க வேண்டியிருக்கும். வசனம் திருத்துவதும் உடை சரிபார்ப்பதும் தனி வேலைகள். அவற்றுக்குத் தனிச் சம்பளமும் பெயர்ப்பட்டியலில் தனி வரியும் வேண்டும்.

கடைசியில் வசனவரி

எல்லாம் சரியாக எடுத்த படமும் திரையின் அடியில் ஓடும் வசனவரியில் கெட்டுப்போகலாம். எவெங்கியில் ‘பு’ என்றால் நாங்கள், கேட்பவர் அதில் சேரமாட்டார். ‘மித்’ என்றால் நாம், கேட்பவரும் சேர்த்தி. ஒரு காட்சியை நினைத்துக்கொள்ளுங்கள். கூடாரத்தில் தங்கியிருக்கும் நகரத்துக்காரனிடம், தேநீர் ஊற்றிக்கொண்டே, நிமிர்ந்து பார்க்காமல், அந்தப் பெண் ‘நாளைக்குக் கிளம்புகிறோம்’ என்கிறாள். அவள் ‘பு’ என்று சொல்லியிருந்தால் அவனுக்கு அங்கே இடமில்லை. ‘மித்’ என்று சொல்லியிருந்தால் அவனுக்கும் ஒரு மான் காத்திருக்கிறது. ரஷ்ய வசனவரியில் இரண்டும் ஒரே சொல், ஆங்கிலத்திலும் அப்படியே. பார்வையாளருக்கு அவள் தேநீர் ஊற்றியது மட்டும்தான் தெரியும். தமிழ் வசனவரி எழுதுபவர் ஆங்கிலத்தை வைத்துக்கொண்டு எழுதாமல் எவெங்கி வசனத்தையே கேட்டு வாங்கினால், ‘நாங்கள் நாளைக்குக் கிளம்புகிறோம்’, ‘நாம் நாளைக்குக் கிளம்புகிறோம்’ என்று அவள் சொன்னதை அப்படியே எழுதிவிடலாம்.